பேரேட்டில் ஏறாத பெயர்
மனோகரி சிங்கின் சாக்ஸபோன் வாழ்க்கை: ஒரு மதிப்பீடு

ஒரு திரைப்பாட்டைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் நாம மூன்று பெயர் சொல்லுவோம். இசையமைத்தவர், எழுதியவர், பாடியவர். திரையில் வாயசைத்த நடிகர் பெயர் கேட்காமலே வந்து ஒட்டிக்கொள்ளும். அதோடு கணக்கு தீர்ந்தது என்று எழுந்துவிடுவோம். ஆனா கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. நாம விரும்பிக் கேட்கிற பாட்டுகளில் கணிசமான நேரம் பாடகர் வாயையே திறப்பதில்லை. பல்லவிக்கு முன்னால் ஓர் இசை வருது. பல்லவிக்கும் சரணத்துக்கும் நடுவில் ஓர் இசை வருது. பாடகர் மூச்சு வாங்கும் இடைவெளியிலும் ஏதோ ஒரு கருவி பதில் சொல்லுது. அடுப்படியில் வேலை செய்துகொண்டே நாம முணுமுணுப்பது பல சமயம் அந்த இடங்களைத்தான். அதை வாசித்தவர் யார்? "பி.ஜி.எம். சூப்பர்" என்று சொல்லிவிட்டு அந்தப் பாராட்டையும் இசையமைப்பாளர் பேரிலேயே எழுதிவிடுகிறோம்.

வியாபாரத்தில் இருப்பவர்களுக்கு இது எவ்வளவு பெரிய பிழை என்று தெரியும். ஒருவர் கொடுத்த சரக்கை இன்னொருவர் பேரில் பற்று எழுதினால், நாள்வழியில் தொகை சரியாகத்தான் இருக்கும், பேரேடு தப்பாகிவிடும். வருஷக் கடைசியில் ஐந்தொகை நேராகாது. நம் திரையிசை விமரிசனம் இப்படித்தான் பல ஆண்டுகளாக நேராகாத ஐந்தொகையாக இருக்கிறது என்பது என் எண்ணம். அதை ஒரு மனிதரின் வாழ்க்கையை வைத்துச் சொல்லப் போகிறேன். அவர் தமிழர் இல்லை. நேபாள வம்சாவளி, பிறந்தது கல்கத்தா, உழைத்ததும் கண் மூடியதும் நமக்குப் பக்கத்து பம்பாயில். பெயர் மனோகரி சிங். 8-3-1931-ல் பிறந்து 13-7-2010-ல் காலமானார். ஐம்பது ஆண்டுகளுக்குக் குறையாமல் இந்தித் திரையிசைக்குச் சாக்ஸபோனும் புல்லாங்குழலும் கிளாரினெட்டும் வாசித்தவர். சாங்வியிலும் கட்கியிலும் பிம்பிரியிலும் வளர்ந்த நம் பிள்ளைகள் தமிழ்ப் பாட்டோடு இந்திப் பாட்டையும் சேர்த்தே கேட்டு வளர்ந்தவர்கள். அதனால் அவர் மூச்சு நம் எல்லார் வீட்டுக்குள்ளும் வந்திருக்கிறது. அவர் பெயர்தான் வரவில்லை.

உலோகத்தில் ஒரு மரக்குழல்

முதலில் கருவியைப் பற்றிச் சில வார்த்தை. சாக்ஸபோனைப் பார்த்தால் பளபளவென்று பித்தளை. ஆனா மேல்நாட்டார் அதை எக்காளம், டிரம்பெட் வகையில் சேர்ப்பதில்லை. மரக்குழல் வகையில் வைக்கிறார்கள். காரணம், ஒலி பிறக்கும் இடம். வாயில் வைக்கும் பகுதியில் நாணலைச் சீவிக் கட்டிய ஒற்றைப் பட்டை இருக்கிறது. மூச்சு பட்டு அது துடிப்பதால்தான் நாதம் வருகிறது. நம் நாகசுரத்தின் சீவாளி இரட்டைப் பட்டை. சாக்ஸபோனுக்கும் கிளாரினெட்டுக்கும் ஒற்றைப் பட்டை. ஆகவே நாகசுரத்துக்கு இது அந்நியமில்லை, சித்தப்பா பெரியப்பா முறை என்று வைத்துக்கொள்ளலாம். பெல்ஜியம் நாட்டு அடால்ஃப் சாக்ஸ் என்பவர் இதை உருவாக்கி 1846-ல் பாரிஸில் காப்புரிமை பெற்றார். ராணுவ பேண்டுகளில் புகுந்தது; பிறகு அமெரிக்காவில் ஜாஸ் இசையின் குரலாயிற்று. நம் நாட்டுக்கும் பேண்டு வழியாகவும் பெரிய ஓட்டல்களின் நடன அரங்கு வழியாகவும் வந்து சேர்ந்தது.

மரக்குழல் வாசிப்பவர் ஒரே கருவியோடு நின்றுவிட்டால் ரெக்கார்டிங்கில் பிழைப்பு நடப்பது கஷ்டம். சாக்ஸபோன், கிளாரினெட், புல்லாங்குழல் மூன்றும் தெரிந்தால்தான் கூப்பிடுவார்கள். மூன்றும் குழல்தானே, விரல் ஓடாதா என்று கேட்கலாம். ஓடாது. சாக்ஸபோனில் மேல் ஸ்தாயிக் கட்டையை அழுத்தினால் அதே ஸ்வரம் அடுத்த ஸ்தாயியில் பேசும். கிளாரினெட்டில் அதே மாதிரிக் கட்டையை அழுத்தினால் ஸ்தாயியைத் தாண்டி, மேல்நாட்டு எண்ணிக்கையில் பன்னிரண்டாவது ஸ்வரத்துக்குப் போய்விடும். ஆக, விரல் கணக்கே வேறு. புல்லாங்குழலில் பட்டையே கிடையாது, உதட்டின் விளிம்பில்தான் எல்லாம். அதோடு, ஆல்ட்டோ சாக்ஸபோனுக்கு ஒரு சுருதி, கிளாரினெட்டுக்கு ஒரு சுருதி. ஒரே மெட்டை ஒவ்வொன்றுக்கும் வேறு வேறாக எழுதிப் படிக்க வேண்டும். ஒரே பாட்டில் முன்னிசைக்குக் குழல், இடையிசைக்குச் சாக்ஸபோன் என்று எழுதி வைத்திருந்தால், நாலைந்து வினாடியில் உதட்டையும் விரலையும் மூளையையும் மாற்றிக்கொள்ளணும். மனோகரி சிங் இதையெல்லாம் செய்தார். மேற்கொண்டு மாண்டலினும் வாசித்தார்.

பேண்டு வீட்டுப் பிள்ளை

அவர் குடும்பம் பேண்டு வாத்தியக் குடும்பம். அவரும் சிறு வயதிலேயே பாட்டா காலணிக் கம்பெனி தன் தொழிலாளர் நகரமான பாட்டாநகரில் வைத்திருந்த பேண்டில் சேர்ந்தார். அதை நடத்தியவர் ஜோசஃப் நியூமன் என்ற ஹங்கேரிக்காரர். செருப்புக் கம்பெனியில் சங்கீதமா என்று சிரிக்கத் தோன்றும். ஆனா நம் ஊர்ப் பக்கத்தில் மில் பேண்டு, போலீஸ் பேண்டு, சர்க்கஸ் பேண்டு என்று எத்தனை பேர் ஸ்வரம் படித்தார்கள் என்று பெரியவர்களைக் கேட்டுப் பாருங்க. குருகுலமும் சபாவும் எட்டாத வீட்டுப் பிள்ளைகளுக்கு அதுதான் இசைக் கல்லூரி. அங்கே மேல்நாட்டு முறையில் ஸ்வரம் எழுதவும் எழுதியதைப் பார்த்தவுடன் வாசிக்கவும் பழக்கினார்கள். இந்தத் திறமைதான் பிற்காலத்தில் மனோகரியின் சோறு.

அடுத்த படி, கல்கத்தாவின் கிராமஃபோன் ரெக்கார்டிங்கும் சௌரங்கி சாலை ஃபிர்ப்போஸ் மாதிரியான இரவு உணவகங்களின் பேண்டும். பகலில் வங்காள மெட்டு, ராத்திரியில் ஜாஸ். இசையமைப்பாளர் சலில் சௌத்ரி அவரைக் கேட்டு, பம்பாய்க்கு வரச் சொன்னார். 1958-ல் வந்தார். எஸ்.டி. பர்மன் வாய்ப்புக் கொடுத்தார். பிறகு சங்கர்–ஜெய்கிஷன், ஓ.பி. நய்யார் என்று கேட்டவர்களுக்கெல்லாம் வாசித்தார். ஆர்.டி. பர்மன் எழுந்த பிறகு அவர் குழுவின் நடுத்தூணாகவே ஆனார். செல்லோ வாசித்த பாசு சக்கரவர்த்தி, தாளத்துக்கு மாருதி ராவ் கீர், மனோகரி சிங் ஆகிய மூவர் இல்லாமல் ஆர்.டி. பர்மன் என்று நாம சொல்லும் அந்த ஓசை இல்லை.

ஒருவர் தும்மினால் எல்லாருக்கும் மறுபடி

அந்தக் காலத்து ரெக்கார்டிங் எப்படி நடந்தது என்று தெரிந்தால்தான் இவர்கள் வேலையின் எடை புரியும். இன்று ஒருவர் காலையில் தாளத்தைப் பதிவு செய்துவிட்டுப் போகலாம். பாடகர் வேறு ஊரிலிருந்து பாடி அனுப்பலாம். புல்லாங்குழல் அடுத்த வாரம் வரலாம். அன்று அப்படி இல்லை. தார்தேவ் ஃபேமஸ் ஸ்டுடியோ, பாந்த்ரா மெஹ்பூப் ஸ்டுடியோ போன்ற கூடங்களில் ஐம்பது, அறுபது, சில சமயம் நூறு பேர் ஒன்றாக உட்கார்ந்து, பாடகரும் கூடவே நின்று, ஒரே மூச்சில் பாட்டு முழுக்கப் பதிவாகணும். கடைசி வரியில் ஒரு வயலின் சறுக்கினாலும் முதலிலிருந்து மறுபடி. சாக்ஸபோன்காரருக்கு இதில் இன்னொரு சங்கடம். கூட்டத்தில் இருபது வயலின் வாசிக்கும்போது ஒன்று தடுமாறினால் மறைந்துவிடும். தனிக்குழல் தடுமாறினால் ஊருக்கே கேட்கும். மணிக்கணக்கில் சும்மா உட்கார்ந்திருந்து, உதடு ஆறிப்போய், பட்டை காய்ந்துபோய் இருக்கும்போது திடீரென்று எட்டு மாத்திரை வாசிக்கணும். அந்த எட்டு மாத்திரைக்குத்தான் சம்பளம். சங்கத்தில் தரம் பிரித்து, தரத்துக்கு இவ்வளவு என்று கூலி கட்டியிருந்தார்கள். படம் வெள்ளி விழாக் கொண்டாடினாலும் அதே கூலிதான்.

நாலு பாட்டு, நாலு மெய்ப்பாடு

விமரிசனம் என்று தலைப்பிட்டுவிட்டு வாழ்க்கைக் குறிப்போடு நிறுத்தினால் நியாயமில்லை. அவர் வாசிப்பில் என்ன இருக்கிறது? நாலு பாட்டை எடுத்துக்கொள்கிறேன். நாலும் இந்திப் பாட்டு கேட்ட எந்த வீட்டிலும் தெரிந்தவை. அன்பர்கள் தயவுசெய்து இந்தக் கட்டுரையைப் படித்துவிட்டு ஒருமுறை கேட்டுப் பாருங்கள்.

முதலாவது, காஷ்மீர் கி கலி (1964). ஓ.பி. நய்யார் இசை. ஷம்மி கபூர் குடித்துவிட்டு முகமது ரஃபி குரலில் உலகத்தைப் பற்றித் தத்துவம் பேசும் பாட்டு. அதில் சாக்ஸபோன் பாட்டுக்கு முன்பே வந்து, அவசரமில்லாமல் ஆலாபனை மாதிரி நீட்டுகிறது. குடிகாரன் தள்ளாட்டத்தைக் காட்டக் கருவியைக் கோணல்மாணலாக ஊதியிருக்கலாம். சாதாரண வாசிப்பாளர் அதைத்தான் செய்வார். மனோகரி அந்தச் சுலபமான வழியில் போகவில்லை. குடித்தவன் மனசுக்குள் இருக்கும் ஏக்கத்தை வாசித்தார். அதனால்தான் அந்தப் பாட்டு கேலிப்பாட்டாக இறங்கிவிடவில்லை.

இரண்டாவது, ஆர்ஜூ (1965). சங்கர்–ஜெய்கிஷன் இசை, லதா மங்கேஷ்கர் பாட்டு. காதலன் வரவில்லையே என்று காஷ்மீர் மரங்களுக்கு நடுவில் சாதனா பாடுவது. அவல உணர்ச்சிக்குச் சாரங்கியோ ஷெனாயோ போடுவதுதான் அன்றைய வழக்கம். இங்கே சாக்ஸபோன் அழுகிறது. கட்டையை அழுத்தினால் ஸ்வரம் தனித்தனியாக விழும் கருவி இது. நம் இசைக்கு வேண்டிய சறுக்கலும் வளைவும் அதில் இயல்பாக இல்லை. உதட்டின் பிடியைத் தளர்த்தி இறுக்கித்தான் ஒரு ஸ்வரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்க வேண்டும். லதாவின் குரல் எங்கே வளைகிறதோ அந்த மாதிரியே குழலையும் வளைத்துக் காட்டுகிறார். யார் பாடி முடித்து யார் ஆரம்பித்தார்கள் என்ற தையல் தெரியவில்லை.

மூன்றாவது, கைடு (1965). எஸ்.டி. பர்மன். கிஷோர் குமாரும் லதாவும் மாறி மாறிப் பாடும் மகிழ்ச்சியான காதல் பாட்டு. இங்கே அதே கருவி பட்டப்பகல் வெளிச்சத்தில் நடக்கிறது. குட்டிக் குட்டியாகப் பதில் சொல்லிவிட்டு ஒதுங்குகிறது. சாக்ஸபோன் என்றாலே கிளப், கண்ணாடிக் கோப்பை, சிவப்பு விளக்கு என்று நம் சினிமா முத்திரை குத்தி வைத்திருந்தது. தமிழ்ப் படங்களும் அதில் விலக்கில்லை. அந்த முத்திரையை இந்தப் பாட்டு அழித்துக் காட்டியது.

நாலாவது, ஆராதனா (1969). மழை ராத்திரி, நெருப்பு, ராஜேஷ் கன்னா, ஷர்மிளா தாகூர், கிஷோர் குமார் குரல். வெட்டே இல்லாமல் ஒரே ஷாட்டில் எடுத்த பாட்டு என்று பேர் பெற்றது. கெர்சி லார்டின் அக்கார்டியனும் மனோகரியின் சாக்ஸபோனும் அந்தப் பாட்டின் இரு கைகள். அன்றைய தணிக்கைக் கண்ணுக்கு முன்னால் நடிகர்கள் சொல்ல முடியாததை மூச்சு சொல்கிறது. ஆனா ஆபாசமாகச் சொல்லவில்லை. ஊதலின் பலத்தைக் கடைசிவரை அடக்கியே வைத்திருக்கிறார். குடும்பத்தோடு உட்கார்ந்து அந்தப் பாட்டை நாம கேட்க முடிகிறதென்றால் அந்த அடக்கமும் ஒரு காரணம்.

ஒரே கருவி, ஒரே மனிதர், மூன்று வெவ்வேறு இசையமைப்பாளர் வீடு. ஏக்கம், அழுகை, உவகை, வேட்கை என்று நாலு மெய்ப்பாடு. இந்த நாலுக்கும் பொதுவாக ஒரு குணம் இருக்கிறது என்றால் அது இசையமைப்பாளர்களுடையதாக இருக்க முடியாது. அவர்கள் வேறு வேறு ஆட்கள். வாசித்தவருடையதாகத்தான் இருக்கணும். அந்தக் குணம் என்னவென்று என் காதுக்குப் பட்டதைச் சொல்கிறேன். பித்தளைக் கருவியின் முரட்டுத்தனத்தை அவர் மனிதக் குரலின் மென்மைக்கு இறக்கினார். பாடகரை மிஞ்சும் பலம் கையில் இருந்தும் மிஞ்சவில்லை.

உதவி என்ற தலைப்பு

சரி, இவர் பெயர் எங்கேயுமே வரவில்லையா? வந்தது. ஆர்.டி. பர்மன் படங்களின் டைட்டிலில் இசைக்கு உதவி: பாசு, மனோகரி, மாருதி என்று வரும். பேரேட்டில் பெயர் ஏறியது, தலைப்புதான் தப்பு. உதவி என்றால் என்ன உதவி? வாத்தியங்களைப் பிரித்து எழுதியது, ஒத்திகை நடத்தியது, தானே வாசித்தது என்று எல்லாம் அந்த ஒரு சொல்லுக்குள் அடைபட்டுவிட்டது. சாக்ஸபோன்: மனோகரி சிங் என்று தனி வரி போட்டிருந்தால் எத்தனை அங்குல ஃபிலிம் செலவாகியிருக்கும்? 1964-ல் தொடங்கிய தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் நம் புனேயில்தான் இருக்கிறது. படங்களைப் பத்திரமாக வைத்திருக்கிறார்கள். ஆனா டைட்டிலில் எழுதாததை எந்தக் காப்பகம் காப்பாற்றும்?

இதைவிட விசித்திரம் ஒன்று. ஆண்டனி கோன்சால்வ்ஸ் என்ற கோவாக்காரர் பெரிய வயலின் வித்வான், அரேஞ்சர், லக்ஷ்மிகாந்த்–பியாரேலால் இரட்டையரில் பியாரேலாலுக்கு ஆசிரியர். சிஷ்யர் குருவுக்கு மரியாதை செய்ய நினைத்து, அமர் அக்பர் அந்தோணி (1977) படத்தின் வேடிக்கைப் பாட்டில் கதாபாத்திரத்துக்கு அந்தப் பெயரை வைத்தார்கள். நாடு முழுக்கப் பெயர் தெரிந்தது; ஆள் யாரென்று தெரியவில்லை.

நடுநிலையாகப் பேசணும் என்றால் மனோகரியின் குறையையும் சொல்லணும். பாசு–மனோகரி என்ற பெயரில் இருவரும் சேர்ந்து சப்சே படா ரூபையா (1976), கன்ஹையா (1981) முதலிய படங்களுக்குத் தனியாக இசையமைத்தார்கள். அவை நிலைத்து நிற்கவில்லை. பிறர் மெட்டுக்கு உயிர் கொடுக்கத் தெரிந்தவருக்குச் சொந்த மெட்டு அந்த அளவுக்கு வாய்க்கவில்லை. இதைச் சொல்வதால் அவர் மதிப்புக் குறையாது. தங்கம் உரைக்கிறவன் நகை செய்யத் தெரிந்தவனாக இருக்க வேண்டியதில்லை; இரண்டும் வேறு தொழில். நாம இரண்டையும் ஒரே படிக்கல்லால் நிறுப்பதுதான் தவறு. வாசிப்பவரை வாசிப்பவராகவே மதிப்பிடக் கற்றுக்கொண்டால், "அவர் ஏன் பெரிய இசையமைப்பாளர் ஆகவில்லை?" என்ற கேள்வியே எழாது.

தமிழ்நாட்டுக் கணக்கு

நம் பக்கம் என்ன நிலைமை? கொஞ்சும் சலங்கை (1962) படத்தில் எஸ். ஜானகி குரலோடு போட்டி போட்ட நாகசுரம் காருகுறிச்சி அருணாசலம் என்று எல்லாருக்கும் தெரியும். தில்லானா மோகனாம்பாள் (1968) படத்தில் சிவாஜி கணேசனின் கன்னம் உப்பியது. மூச்சு மதுரை எம்.பி.என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்களுடையது. அதுவும் தெரியும். டூயட் (1994) படத்தில் பிரபு ஏந்திய சாக்ஸபோனுக்குப் பின்னால் இருந்தவர் கத்ரி கோபால்நாத் என்பதும் தெரியும். அப்படியானால் தமிழர்கள் வாத்தியக்காரரை மதிக்கிறார்கள் என்று சொல்லிவிடலாமா?

கூர்ந்து பாருங்க. இவர்கள் எல்லாரும் சினிமாவுக்கு வரும் முன்பே மேடையில் பெயர் வாங்கியவர்கள். கத்ரி கோபால்நாத் தட்சிண கன்னட மாவட்டத்து நாகசுரக் குடும்பத்தில் 1949-ல் பிறந்தவர். மைசூர் அரண்மனை பேண்டில் சாக்ஸபோனைக் கேட்டு மயங்கி, கருவியில் மாற்றங்கள் செய்து, கர்நாடக இசையின் கமகத்தை அதில் கொண்டுவந்தார். டூயட் வெளிவந்த அதே 1994-ல் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் பி.பி.சி. நடத்தும் விழாவில் வாசித்தார். 2004-ல் பத்மஸ்ரீ பெற்றார். 2019-ல் மறைந்தார். மேடைக்காரர் சினிமாவுக்கு வந்தால் விருந்தாளி. விருந்தாளி பெயரை அழைப்பிதழில் போடுவோம். தினமும் சமைத்துப் போடுகிறவர் பெயரை யார் போடுகிறார்கள்?

தினமும் சமைத்தவருக்கு ஓர் உதாரணம்: இளையராஜாவின் எண்ணற்ற பாடல்களுக்குக் குழல் வாசித்த நெப்போலியன். தமிழ் ரசிகர்களில் பலருக்கு அவரை அருண்மொழி என்ற பாடகராகத்தான் தெரியும். வருஷக்கணக்காக மூங்கிலில் ஊதிய மூச்சுக்குக் கிடைக்காத பெயர், அதே மூச்சு தொண்டை வழியாக வந்தபோது கிடைத்தது. இதைவிடத் தெளிவாக நம் கணக்குப் பிழையை யாரும் காட்ட முடியாது. ஏ.ஆர். ரஹ்மான் ஒலிநாடா, குறுந்தட்டு உறைகளில் வாசித்தவர் பெயர்களை அச்சிட்ட பிறகுதான் நிலைமை கொஞ்சம் மாறியது. பம்பாய் (1995) படத்தின் கருப்பொருள் இசையில் வரும் குழல் நவீன் குமாருடையது என்று இன்று கல்லூரிப் பிள்ளைகள்கூடச் சொல்கிறார்கள். உறையில் ஒரு வரி அச்சிட்டதன் பலன் அது. ஆனா அதே 1990-களில்தான் மின்னணுக் கீபோர்டு பெருகி, கூடத்தில் ஐம்பது பேர் உட்காரும் முறையே கலையத் தொடங்கியது. பெயர் போடும் காலம் வந்தபோது ஆட்கள் குறைந்துவிட்டார்கள்.

இளங்கோ போட்ட தலைப்பு

இது நவீன காலத்து வியாதி, பழைய காலத்திலும் வாத்தியக்காரனை யார் மதித்தார்கள் என்று சிலர் கேட்கலாம். சிலப்பதிகாரம் அரங்கேற்று காதையை எடுத்துப் படியுங்கள். மாதவி சோழ மன்னன் முன்னால் ஆடுகிறாள். தலைக்கோல் பட்டமும் ஆயிரத்தெட்டுக் கழஞ்சுப் பொன்னும் அவளுக்குத்தான் போகின்றன. ஆனா இளங்கோவடிகள் அவள் ஆட்டத்தைச் சொல்வதற்கு முன்பு என்ன செய்கிறார்? ஆடலாசிரியன், இசையாசிரியன், கவிஞன், தண்ணுமையாசிரியன், குழலாசிரியன், யாழாசிரியன் என்று ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக இடம் ஒதுக்கி, அவரவருக்கு என்னென்ன தெரிந்திருக்கணும் என்று பட்டியலிடுகிறார். குழலுக்குப் பின்னால் யாழ், யாழுக்குப் பின்னால் தண்ணுமை என்று இசை எழும் வரிசையையும் சொல்கிறார், குழல்தான் வழிகாட்டி. உரையாசிரியர் அடியார்க்குநல்லார் இன்னும் ஒரு படி மேலே போய், குழல் செய்ய மூங்கில், சந்தனம், வெண்கலம், செங்காலி, கருங்காலி என ஐந்து பொருள் சொல்கிறார். வெண்கலமும் அதில் இருப்பதைக் கவனியுங்கள். உலோகத்தில் குழல் என்பது நமக்குப் புதுசில்லை.

குழலாசிரியனின் தகுதிகளில் ஒன்று எனக்கு மிகவும் பிடித்தது. வல்லோசை வரும் இடத்தை மெல்லோசை போல இனிமையாக்கி வாசிப்பது. சித்திரப் புணர்ப்பு என்று அதற்குப் பெயர். மனோகரி சிங் சிலப்பதிகாரம் படித்தவரில்லை. ஆனா அந்த நாலு பாட்டிலும் அவர் செய்தது இதுதான். பித்தளையின் வல்லோசையை மெல்லோசையாக்கினார். நம் இசைத்தமிழ் மரபு அவர் கலைக்கு ஒரு சொல்லை முன்கூட்டியே வைத்திருக்கிறது. நாம அந்தச் சொல்லை எடுத்துப் பயன்படுத்தவில்லை.

இளங்கோவும் அந்தக் குழலாசிரியனுக்குப் பெயர் சொல்லவில்லையே என்றால், உண்மைதான். பெயர் இல்லை, தகுதி இருக்கிறது. நாம இரண்டையும் விட்டுவிட்டோம். இன்றைக்குப் பெயரைத் தேடிப் பிடிக்கிற வசதி வந்துவிட்டது. ஆர்.டி. பர்மன் ரசிகர்கள் புனேயில் நடத்தும் விழாக்களில் பழைய வாத்தியக்காரர்களை மேடையேற்றிப் பேச வைக்கிறார்கள். கிரெகரி பூத் என்ற வெளிநாட்டு ஆய்வாளர் பம்பாய் வாத்தியக்காரர்கள் பலரை நேரில் கண்டு கேட்டு 2008-ல் ஒரு பெரிய புத்தகமே எழுதினார். சென்னை ஸ்டுடியோக்களில் வாழ்நாளைக் கழித்தவர்களைப் பற்றி நாமும் அந்த அளவுக்குத் தமிழில் எழுதி வைக்க வேண்டாமா? இதில் தாமதம் செய்தால் கேட்க ஆள் இருக்கமாட்டார்கள்.

எழுதியதைத்தானே வாசித்தார்?

ஒரு மறுப்பு மிச்சம் இருக்கிறது. "வாத்தியக்காரர் கூலிக்கு வந்தவர், இசையமைப்பாளர் சொன்னதை வாசித்தார், இதில் படைப்பு எங்கே?" இந்தக் கேள்வியில் ஓரளவு நியாயம் உண்டு. இளையராஜா போன்றவர்கள் ஒவ்வொரு கருவிக்கும் தாங்களே ஸ்வரம் எழுதிக் கொடுப்பவர்கள். பம்பாயில் அப்படியில்லை, மெட்டுப் போட்டவர் ஒருவர், முன்னிசை இடையிசையை அமைத்தவர் இன்னொருவர் என்பதே பெரும்பாலும் நடைமுறை. சங்கர்–ஜெய்கிஷனுக்கும் நய்யாருக்கும் செபஸ்டியன் டிசோசா அந்த வேலையைச் செய்தார். ஆனா எழுதிக் கொடுத்ததாகவே வைத்துக்கொள்வோம். காகிதத்தில் ஸ்வரம் இருக்கும், அளவு இருக்கும். மூச்சு எங்கே எடுப்பது, எந்த ஸ்வரத்தைத் தொட்டும் தொடாமல் விடுவது, பாடகர் குரல் கம்மினால் எவ்வளவு தணிவது என்பதெல்லாம் இருக்காது. கம்பராமாயணத்தை அச்சில் யாரும் வாசிக்கலாம். நல்ல உபந்நியாசகர் சொல்லும்போதுதானே கண்ணீர் வருகிறது? அந்தக் கண்ணீரில் அவருக்கும் பங்கு உண்டு. கம்பருக்குக் குறைவு வராமலே அந்தப் பங்கைக் கொடுக்கலாம்.

நம் வீட்டுக் காரியம்

இதெல்லாம் பம்பாய்க் கதை, சென்னைக் கதை, நமக்கென்ன என்று இருக்க முடியாது. நம் பொங்கல் விழாவுக்கும் சித்திரை விழாவுக்கும் அழைப்பிதழ் அடிக்கிறோம். தலைமை, முன்னிலை, வாழ்த்துரை, நன்றியுரை, பாடகர், பாடகி எல்லாம் தடித்த எழுத்தில். கடைசியில் "மற்றும் குழுவினர்". அந்த இரண்டு வார்த்தைக்குள் எட்டுப் பேர் உட்கார்ந்திருக்கிறார்கள். கீபோர்டு, தபலா, கிட்டார், குழல். வேலை முடிந்து ஒத்திகைக்கு ஓடி வந்தவர்கள். எட்டுப் பெயர் அச்சிட ஆகும் கூடுதல் செலவு பூஜ்யம். அடுத்த விழாவிலிருந்து கருவியும் பெயரும் சேர்த்து அச்சிடுவோம் என்று செயற்குழு ஒரு தீர்மானம் போடட்டும். இந்த மலர் நாளைக்கு யாராவது புரட்டும்போது நம் ஊரில் குழல் வாசித்தவர் யார் என்று தெரியட்டும்.

இன்னொன்று பெற்றோருக்கு. சாங்வியில் நம் வீட்டுப் பிள்ளை ஒன்று பாட்டுப் போட்டிக்குப் போகிறேன் என்றால் பட்டுப்பாவாடை வாங்கித் தருகிறோம். சாக்ஸபோனோ கிளாரினெட்டோ கற்கிறேன் என்றால், "அதுல என்ன பேர் கிடைக்கும்? கல்யாண ஊர்வல பேண்டுல போய் நிக்கவா?" என்று கேட்கிறோம். பேண்டில் நின்ற வீட்டிலிருந்துதான் மனோகரி சிங் வந்தார் என்பதை அந்த நேரத்தில் நினைத்துக்கொள்ளுங்கள். பேர் கிடைக்காதது கருவியின் குற்றமில்லை, வாசிப்பவர் குற்றமுமில்லை. பெயரைக் கேட்காத நம் குற்றம். கேட்கத் தொடங்கினால் கிடைக்கும்.

வீட்டில் எல்லாரும் சேர்ந்து பாட்டுக் கேட்கும்போது ஒரு சின்ன வழக்கம் வைத்துக்கொள்ளலாம். பாடியது யார் என்று கேட்டபின், ஊதியது யார் என்றும் பிள்ளைகளைக் கேளுங்கள். தெரியாவிட்டால் தேடச் சொல்லுங்கள். ஒரு பெயர் கிடைத்தால் ஒரு வரி எழுதி வைக்கச் சொல்லுங்கள்: பாட்டு, படம், ஆண்டு, கருவி, வாசித்தவர். ஐந்து பத்தி போட்ட ஒரு நோட்டுப் போதும். எந்தப் பேரேடும் முதல் பக்கத்தில் ஒரே ஒரு வரியோடுதான் தொடங்குகிறது.